ஓதத்துக்குத் தப்பும் பி.எஸ்.2: டிவிடியை விட்டு ஹார்ட் டிஸ்க்கில் கேம் ஓட்டுவது

ஊட்டி, கோத்தகிரி, கூடலூர் பக்கம் ஒரு பி.எஸ்.2 (சோனியின் பிளேஸ்டேஷன் 2 கேம் மிஷின்) ‘டிஸ்க் ரீட் எரர்’ காட்டினால் முதலில் சந்தேகப்பட வேண்டியது லேசர் லென்ஸைத்தான். மழை மாதங்களில் மேகம் ஜன்னல் வழியாக வீட்டுக்குள்ளேயே வந்துபோகிற ஊர்கள் இவை. ஓதத்தில் லென்ஸ் மங்கும், டிவிடியின் முதுகில் பூஞ்சணம் பிடிக்கும், லென்ஸை நகர்த்தும் தண்டவாளத்தில் கிரீஸ் இறுகும். துடைத்தால் கொஞ்ச நாள் ஓடும். புது லென்ஸ் போட்டாலும் அடுத்த மழையில் அதே கதைதான். போர்டு நன்றாக இருக்கிற மிஷினுக்கு லென்ஸையே நம்பாமல் ஹார்ட் டிஸ்க்கில் கேம் ஓட்டுவதுதான் நிரந்தர வழி.

உயரத்தைப் பற்றிப் பயம் வேண்டாம். சாதாரண ஹார்ட் டிஸ்க்குகள் கடல் மட்டத்திலிருந்து சுமார் 3,000 மீட்டர் வரை ஓடும்படி செய்யப்பட்டவை. ஊட்டி இருப்பது சுமார் 2,240 மீட்டரில். கவலைப்பட வேண்டியது ஓதமும் கரண்ட்டும்.

முதலில் மாடலைப் பாருங்கள்

பெரிய, கனமான பழைய பி.எஸ்.2-வின் பின்பக்கம் பிளாஸ்டிக் மூடி போட்ட அகலமான குழி இருக்கும். எஸ்.சி.பி.எச்.-30000 முதல் 50000 வரிசை வரை இது உண்டு. ஹார்ட் டிஸ்க் அதற்குள்தான் போகும். 2004-க்குப் பிறகு வந்த மெலிந்த ஸ்லிம்மில் குழி இல்லை. அதற்கான வழி கடைசியில் இருக்கிறது.

அமெரிக்காவிலிருந்து சொந்தக்காரர்கள் கொண்டுவந்த பெரிய மிஷின் என்றால் அடியிலுள்ள ஸ்டிக்கரைப் படியுங்கள். 120 வோல்ட் என்று போட்டிருந்தால் ஸ்டெப்-டவுன் டிரான்ஸ்பார்மர் இல்லாமல் நம் சுவர் பிளக்கில் செருகாதீர்கள். பவர் சப்ளை அப்போதே போய்விடும்.

வாங்க வேண்டியவை

நெட்வொர்க் அடாப்டர் ஒன்று; ஹார்ட் டிஸ்க்கை மிஷினோடு இணைப்பது இதுதான். சோனியின் அசல் அடாப்டர் ஐ.டி.இ. என்ற பழைய 40 பின் இணைப்புள்ள ஹார்ட் டிஸ்க்கைத்தான் ஏற்கும். அந்த டிஸ்க்குகள் இனிமேல் பழசாகத்தான் கிடைக்கும். அதனால் அடாப்டரைத் திறந்து, உள்ளே இருக்கும் ஐ.டி.இ. போர்டை எடுத்துவிட்டு, அதற்குப் பின் வந்த சாட்டா இணைப்புள்ள போர்டு பொருத்துவது நல்லது. நெட்வொர்க் கேபிள் போடும் வசதியும் அப்படியே இருக்கும். சாட்டாவோடேயே வரும் விலை குறைந்த போலி அடாப்டர்களில் பெரும்பாலும் நெட்வொர்க் இருக்காது. ஹார்ட் டிஸ்க் மட்டும் போதும் என்றால் அதுவே போதும்.

டிஸ்க்குக்கு 2.5 இஞ்ச் லேப்டாப் ரகத்தை எடுங்கள். 5 வோல்ட்டிலேயே ஓடும், சூடு குறைவு, பழைய பவர் சப்ளைக்கும் பாரமில்லை. எஸ்.எஸ்.டி. போட்டால் சத்தமும் இல்லை, குளிர்காலக் காலையில் தட்டு சுழலத் தயங்குவதும் இல்லை. ஆனால் கேம் மின்னல் வேகத்தில் திறக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள், தடை பி.எஸ்.2-வின் பக்கம் இருக்கிறது. ஒரு லேயர் டிவிடி முழுதாக நிறைந்த கேம் 4.7 ஜி.பி., ‘காட் ஆஃப் வார் 2’ போன்ற இரட்டை லேயர் கேம் 8.5 ஜி.பி. வரை போகும். 500 ஜி.பி.யில் முழு டிவிடி கேம்களே சுமார் நூறு அடங்கும். டிஸ்க்கைப் பகுதிகளாகப் பிரிக்கும் பி.எஸ்.2-வின் சொந்தப் பகிர்வு (பார்ட்டிஷன்) முறைக்கு 2 டி.பி.தான் எல்லை. அதற்கு மேல் வாங்குவது வீண்.

கோவையிலோ சென்னை ரிச்சி தெருவிலோ பழைய டிஸ்க் வாங்கினால் கடையிலேயே டிஸ்க்கின் நிலையைக் காட்டும் கிறிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ புரோகிராம் போட்டுப் பாருங்கள். கெட்டுப்போன இடங்களைக் காட்டும் ரீஅலொகேட்டட் செக்டர், கரன்ட் பெண்டிங் செக்டர் இரண்டும் பூஜ்ஜியமாக இருக்க வேண்டும். இல்லையென்றால் விலை எவ்வளவு இறங்கினாலும் வேண்டாம்.

இன்னொன்று 8 எம்.பி. மெமரி கார்டு, ஃப்ரீ மெக்பூட் ஏற்றியது; வெளிப் புரோகிராம்களை பி.எஸ்.2-வில் ஓடவிடுவது இதுதான். ஏற்றித் தரச் சொல்லும்போது எல்லா மிஷினுக்கும் பொதுவான ‘மல்டி’ முறையில் வேண்டாம், சாதாரண முறையிலேயே ஏற்றச் சொல்லுங்கள். மல்டி முறை கார்டின் கோப்பு அமைப்பை வேண்டுமென்றே குலைத்துத்தான் வேலை செய்கிறது; பிறகு அதில் எதையாவது அழித்தால், சேர்த்தால் கார்டே போகும். எந்த முறையானாலும் கேம் சேவ்களுக்கு இரண்டாவது ஸ்லாட்டில் தனிக் கார்டு வைத்துக்கொள்ளுங்கள்.

கீழிருந்து மேலே கொண்டுவரும்போது

மேட்டுப்பாளையத்தின் ஈரக் காற்றோடு பிளாஸ்டிக் பையில் இறுக்கிக் கட்டிய டிஸ்க், குன்னூர் தாண்டிக் குளிரும்போது பைக்குள்ளேயே வியர்க்கும். சிலிக்கா ஜெல் பொட்டலம் ஒன்றைக் கூடவே போட்டுக் கட்டுங்கள். குளிர்ந்த அறையிலிருந்த மிஷினை வெந்நீர் கொதிக்கும் சமையலறைக்கோ ஹீட்டர் ஓடும் அறைக்கோ எடுத்துப்போனாலும் இதே வியர்வைதான். இடம் மாற்றினால் இரண்டு மணி நேரம் சும்மா விட்டுவிட்டு ஆன் செய்யுங்கள்.

பொருத்துவதும் ஃபார்மட்டும்

ஐ.டி.இ. டிஸ்க் என்றால் ஜம்பரை ‘மாஸ்டர்’ இடத்தில் வையுங்கள். அடாப்டரில் டிஸ்க்கைச் செருகி, குழிக்குள் நேராகத் தள்ளி, இரண்டு பெரிய திருகுகளையும் ஒரு காசை வைத்து முடுக்குங்கள். பழைய மிஷினில் குழியின் தொடர்பு முனைகள் கறுத்திருக்கும். ஐசோபுரப்பைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சால் துடைத்து, முழுதாகக் காய்ந்த பிறகு பொருத்துங்கள். மலையில் ‘டிஸ்க் தெரியவே இல்லை’ என்கிற புகாருக்கு இந்தக் கறுப்பு அடிக்கடி காரணமாகிறது.

ஃப்ரீ மெக்பூட் கார்டோடு ஆன் செய்து, ஃபைல்களைக் கையாளும் டபிள்யூலாஞ்ச்எல்ஃப் புரோகிராமைத் திறங்கள். ஃபைல் பிரவுசர், மிஸ்க், எச்.டி.டி. மேனேஜர் என்று போய் ஆர்1 அழுத்தி ‘ஃபார்மட்’ கொடுங்கள். டிஸ்க்கில் இருந்ததெல்லாம் போய்விடும். இந்த நேரத்தில் கரண்ட் போனால் பகிர்வு அட்டவணை பாதியில் நிற்கும், திரும்ப முதலிலிருந்து செய்ய வேண்டும். மிஷினையும் டிவியையும் 600 வி.ஏ. யு.பி.எஸ்.ஸில் போட்டுக்கொண்டு ஆரம்பியுங்கள்.

கேம்களை ஓட்டுவது ஓப்பன் பி.எஸ்.2 லோடர், சுருக்கமாக ஓ.பி.எல். அந்த ஃபைலை ஃபேட்32 பென் டிரைவில் வைத்து யு.எஸ்.பி.யில் செருகினால் ‘மாஸ்’ என்ற பெயரில் தெரியும். அங்கிருந்து காப்பி செய்து மெமரி கார்டில் ஒட்டுங்கள். பிறகு ஃப்ரீ மெக்பூட் கான்ஃபிகரேட்டரில் மெனுவில் ஓர் இடம் கொடுங்கள்.

கேம்களை ஏற்றுதல்

உங்கள் சொந்த டிவிடியைக் கம்ப்யூட்டர் டிரைவில் போட்டு இம்ஜ்பர்ன் புரோகிராம் மூலம் ஐ.எஸ்.ஓ. ஃபைலாக, அதாவது டிவிடியின் முழு நகலாக, எடுங்கள். பூஞ்சணம் பிடித்த டிவிடியை இளஞ்சூட்டு நீரிலும் ஒரு துளி பாத்திர சோப்பிலும் கழுவி, நடுவிலிருந்து விளிம்பு நோக்கி மெல்லிய துணியால் ஒற்றி எடுத்தால் பெரும்பாலும் படிக்கும். பி.எஸ்.2 திணறுகிற டிவிடியைக் கம்ப்யூட்டர் டிரைவ் படித்துவிடுவதும் உண்டு. அடிப்பக்கம் நீலமாக இருப்பவை சிடி கேம்கள். ஏற்றும்போது ‘சிடி’ என்றே தேர்ந்தெடுக்க வேண்டும்.

ஹார்ட் டிஸ்க்கைக் கழற்றி யு.எஸ்.பி. கேபிளால் கம்ப்யூட்டரோடு இணையுங்கள். இங்கேதான் நிறையப் பேர் கெடுக்கிறார்கள். விண்டோஸுக்கு இந்தப் பகிர்வு முறை புரியாது. டிஸ்க் காலி என்று நினைத்து ‘இனிஷியலைஸ்’ செய்யவா, ‘ஃபார்மட்’ செய்யவா என்று கேட்கும். எது கேட்டாலும் ‘கேன்சல்’. ஓ.கே. கொடுத்தால் எல்லாக் கேமும் போச்சு.

எச்.டி.எல். பேட்ச் இன்ஸ்டாலரை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து, சரியான டிஸ்க்தானா என்று கொள்ளளவைப் பார்த்து உறுதிசெய்துகொண்டு ஐ.எஸ்.ஓ.க்களை ஏற்றுங்கள். முதலில் இரண்டு கேம் மட்டும் ஏற்றி மிஷினில் ஓடவிட்டுப் பார்ப்பது புத்திசாலித்தனம். நூறை ஏற்றிய பிறகு டிஸ்க் தகராறு தெரிந்தால் ஒரு ராத்திரி வீண்.

ஓ.பி.எல். அமைப்பும் கோளாறுகளும்

ஓ.பி.எல்.லில் ஹார்ட் டிஸ்க் ஆரம்பத்தில் அணைந்தே இருக்கும். செட்டிங்ஸில் எச்.டி.டி. ஸ்டார்ட் மோடை ‘ஆட்டோ’ ஆக்கி, சேவ் செய்யுங்கள். சேவ் செய்ய மறந்தால் அடுத்த முறை பட்டியல் காலியாக வரும்.

கேம் கறுப்புத் திரையில் நின்றால் அந்தக் கேமின் அமைப்பில் மோட் 1, 2, 3 என்று ஒவ்வொன்றாகத் தனித்தனியே முயலுங்கள். எல்லாவற்றையும் சேர்த்துப் போட்டால் எது வேலை செய்தது என்று தெரியாது. பல கேம்கள் கண்டபடி உறைந்தால் டிஸ்க்கிலிருந்து தரவு வரும் வேகத்தை, அதாவது டி.எம்.ஏ. மோடைக் குறைத்துப் பாருங்கள்: யு.டி.எம்.ஏ. 4-லிருந்து 2-க்கு, பிறகு எம்.டி.எம்.ஏ. 2-க்கு. மட்டமான சாட்டா போர்டுகள் அதிக வேகத்தில்தான் தடுமாறும். கொஞ்ச நேரம் சும்மா இருந்த பிறகு மட்டும் கேம் திக்கினால், டிஸ்க் தானாக நிற்கும் ஸ்பின்டவுன் நேரத்தைக் கூட்டுங்கள்.

அணைக்கும்போது ஓ.பி.எல். மெனுவிலேயே ‘பவர் ஆஃப்’ கொடுங்கள். சிவப்பு விளக்கு வந்த பிறகு பின்பக்க ஸ்விட்சை அணைக்கலாம். சித்திரை, வைகாசி இடிமழையின்போது பிளக்கைப் பிடுங்குவதோடு கேபிள் டிவி ஒயரையும் டிவியிலிருந்து எடுத்துவிடுங்கள். இடி அந்த வழியாகவும் வரும். கூடலூர், பந்தலூர் பக்கம் ஜூனிலிருந்தும், குன்னூர், கோத்தகிரி பக்கம் அக்டோபரிலிருந்தும் வாரம் இரண்டு முறையாவது அரை மணி நேரம் ஓடவிடுங்கள். அந்தச் சூட்டில் உள் ஓதம் வற்றும். மாதக்கணக்கில் ஓட்டப்போவதில்லை என்றால் மூடியுள்ள பெட்டியில் சிலிக்கா ஜெல்லோடு வையுங்கள். நீல மணிகள் இளஞ்சிவப்பானால் நீலம் திரும்பும்வரை சூட்டில் காயவைத்துத் திரும்பப் போடலாம்.

ஸ்லிம் வைத்திருப்பவர்களுக்கு

ஸ்லிம்மின் யு.எஸ்.பி. 1.1 பழைய வேகம். நடைமுறையில் நொடிக்கு 1 எம்.பி. அளவுதான் வரும். அதன் டிவிடி டிரைவோ 5 எம்.பி.க்கு மேல் தரும். ஆகவே பென் டிரைவில் வீடியோ காட்சிகள் திக்கும். அதைவிட, கம்ப்யூட்டரிலோ ராஸ்பெரி பை என்ற சின்னக் கம்ப்யூட்டரிலோ கேம் ஃபோல்டரைப் பகிர்ந்து, நெட்வொர்க் கேபிளால் ஓ.பி.எல்.லில் இணைப்பது மேல். ஓ.பி.எல். கேட்பது எஸ்.எம்.பி. 1 என்ற பழைய ஃபோல்டர் பகிர்வு முறை, புது விண்டோஸில் அது அணைந்திருக்கும். தினமும் புழங்கும் கம்ப்யூட்டரில் அதைத் திறந்துவைப்பது பாதுகாப்பில்லை, ராஸ்பெரி பையே சரி. எஸ்.சி.பி.எச்.-90000 வரிசையில் பிற்காலத்தில் வந்தவற்றில் ஃப்ரீ மெக்பூட் ஓடாது. அவற்றுக்கு, அதே வேலையைச் செய்யும் ஓப்பன்டியூனா ஏற்றிய கார்டு கேட்டு வாங்குங்கள்.