ஃப்ரிட்ஸ் வெப்பரை எங்க ஆரம்பிச்சு எப்படி பாக்கறது

ஜெர்மன் துணை நடிகர் ஒருத்தரோட கேரியர முழுசா பாக்கணும்னா என்னோட சாய்ஸ் ஃப்ரிட்ஸ் வெப்பர்தான். மியூனிக்காரர், 1941ல பொறந்து 2024 மார்ச்ல போய்ச் சேந்தார். நெறைய பேர் நேரா 'டெரிக்'ங்கற போலீஸ் துப்பறியும் சீரியல்ல குதிச்சுடறாங்க, 1974லேந்து 1998 வரைக்கும் 281 எபிசோடு, அதுல போய் மாட்டினா மூணாவது எபிசோட்லயே கொட்டாவி வந்துடும்.

அதனால மொதல்ல 1959ல வந்த 'டி ப்ரூக்கே' (பாலம்) படத்த பாருங்க. ரெண்டாம் உலகப் போர் முடியப்போற நேரத்துல ஸ்கூல் பசங்க கைல துப்பாக்கிய குடுத்து ஒண்ணுத்துக்கும் உதவாத ஒரு பாலத்த காவல் காக்கச் சொல்லுவாங்க, அதுல ஒரு பையன் நம்மாளு. முடிவ நான் சொல்லமாட்டேன், ஆனா கடைசி வரைக்கும் இவர் மூஞ்சிய விடாம பாருங்க.

அடுத்து 1972, 'கேபரே'. நாஜிங்க தலைதூக்கற நேரத்து பெர்லின்ல நடக்கற, எட்டு ஆஸ்கர் வாங்கின படம், மொத தடவ ஹீரோயின் லைசா மினெல்லிய தாண்டி வேற எங்கயும் கண்ணு போகாது, பரவால்ல, ரெண்டாவது தடவ இவர் வர்ற சீன மட்டும் ஓட்டிப் பாருங்க. பணக்காரப் பொண்ணா பாத்து செட்டில் ஆகலாம்னு திரியற ஆளு நெஜமாவே காதல்ல விழுந்து, தானும் யூதன்தான்னு ஃப்ரெண்டுகிட்ட ஒத்துக்கற எடம் இருக்கே, அந்த ஒரு சீனுக்கே காசு சரியாப்போச்சு.

இப்ப டெரிக்குக்கு வரலாம். அதுக்கு முன்னாடி ஒரு விஷயம், டெரிக்ல இவர் பண்ற ஹாரி க்ளைன்ங்கற உதவி போலீஸ் அதிகாரி கேரக்டர 1969லயே 'டெர் கொமிஸார்'ங்கற இன்னொரு போலீஸ் சீரியல்ல ஆரம்பிச்சுட்டார், அங்கேர்ந்து டெரிக்குக்கு மாத்தல் ஆகி போனப்ப அந்த எடத்துக்கு ஹாரியோட தம்பியா வந்தது இவரோட சொந்தத் தம்பி எல்மார் வெப்பர்!

டெரிக்க பத்து எபிசோடு பாத்தா போதும், அதுவும் இஷ்டப்பட்ட வருஷத்துலேர்ந்து. விசாரணை சீன் வந்தா ஒரு நிமிஷம் சவுண்ட ம்யூட் பண்ணிட்டு ஹாரிய மட்டும் பாருங்க, அவர் காது குடுத்து கேக்கறதுலதான் நடிப்பே இருக்கு, பேசறதுல இல்ல. அப்புறம் "ஹாரி, காரை எடுத்துட்டு வா"ன்னு ஒரு டயலாக் ஜெர்மனி முழுக்க ஃபேமஸ், அத தேடி டைம் வேஸ்ட் பண்ணாதீங்க, அதே வார்த்தைல எந்த எபிசோட்லயும் கெடையாது.

டிவில ரீடெலிகாஸ்ட் வரும்னும் காத்திருக்காதீங்க. டெரிக்கா நடிச்ச ஹீரோ ஹார்ஸ்ட் டாப்பர்ட் நாஜி காலத்துல வாஃபன் எஸ்எஸ்ங்கற நாஜி ஆயுதப் படைல இருந்தது 2013ல வெளிய வந்ததும் இசட்டிஎஃப் சேனல் மறு ஒளிபரப்பே வேணாம்னு சொல்லிட்டாங்க, அவங்க முடிவு புரியுது, ஆனா கூடவே வெப்பரோட 24 வருஷ உழைப்பும் சேந்து பொட்டிக்குள்ள போச்சு. டிவிடி தேடுங்க.

'உம் ஹிம்மெல்ஸ் வில்லென்' சீரியல் கடைசிலதான், மாத்திப் பாத்துடாதீங்க. 2002லேந்து 2021 வரைக்கும் கன்னியாஸ்திரிங்களோட மல்லுக்கட்டற மேயரா வருவார். அத்தன வருஷம் ஓரமா நின்னு "சரி"ன்னு தலையாட்டின ஹாரிய பாத்துட்டு வந்தாதான் இந்த மேயர் போடற சத்தத்துக்கு சிரிப்பு வரும்.