ஃபவுல், கார்டு, பெனால்டி: ஃபுட்பால் கேமில் ரெஃப்ரி எதைப் பார்க்கிறார்?

கோவையில் காந்திபுரம், பீளமேடு பக்கம் எந்த கேமிங் சென்டரில் அரை மணி நேரம் நின்றாலும் இந்த வாக்குவாதம் காதில் விழும்: "பந்தத்தானுங்ணா தொட்டேன், அதுக்கெதுக்குங்ணா மஞ்சக் கார்டு?" பந்தைத் தொட்டது பெரும்பாலும் உண்மைதான். கார்டும் பெரும்பாலும் சரிதான். பந்தைத் தொட்டுவிட்டால் ஃபவுல் கிடையாது என்று கால்பந்து விதிகளில் எங்கும் இல்லை, ஃபுட்பால் வீடியோ கேமிலும் இல்லை.

கேமுக்கு உங்கள் மனசு தெரியாது. கால் முதலில் எதில் பட்டது, பந்திலா ஆளிலா? முன்னால் இருந்து வந்தீர்களா, பின்னால் இருந்தா? என்ன வேகத்தில் வந்தீர்கள்? மோதிய பிறகு பந்து வைத்திருந்தவர் விழுந்தாரா, நிலை தடுமாறினாரா, ஓடிக்கொண்டே போனாரா? இவைதான் அதன் கணக்கு. மைதானத்து விதியும் இதே திசையில்தான் போகிறது. 12ஆம் விதியில் மூன்று படிகள் உண்டு. கவனக்குறைவாக மோதினால் வெறும் ஃபவுல். எதிராளிக்கு என்ன ஆகும் என்று பார்க்காமல் பாய்ந்தால் மஞ்சள். தேவைக்கு மீறிய பலத்தோடு அடிபடும்படி மோதினால் சிவப்பு. கேமில் ஃபுல் ஸ்பிரிண்டில் பின்னாலிருந்து ஸ்லைடு போடுவது (தரையில் சறுக்கிப் பந்தைப் பறிக்கப் பார்ப்பது) நேராக இரண்டாவது, மூன்றாவது படிக்குப் போகிற வழி. ரெஃப்ரிகளிலும் கண்டிப்பானவர், தாராளமானவர் என்று வகை உண்டு. அதனால் போன ஆட்டத்தில் விட்ட மோதலுக்கு இந்த ஆட்டத்தில் விசில் ஊதலாம்.

முதலில் பட்டனைச் சரி பாருங்கள்

புதிதாக வருபவர்கள் வாங்கும் கார்டுகளில் பாதிக்குக் காரணம் பட்டன் குழப்பம். ஃபிஃபா என்ற பெயரில் வந்து, 2023இல் எஃப்சி 24 முதல் பெயர் மாறிய இஏ ஸ்போர்ட்ஸ் கேமில், பிளேஸ்டேஷன் கண்ட்ரோலரின் வழக்கமான அமைப்பு இது: ரவுண்டு நின்றபடி டேக்கிள் (கால் நீட்டிப் பந்தைப் பறிப்பது), ஸ்கொயர் ஸ்லைடு டேக்கிள், எக்ஸ் ஆளை ஒட்டி நிற்பது, எல்2 ஜாக்கி (எதிராளியின் முகம் பார்த்தபடி நகர்வது), ஆர்1 கூட்டாளி ஒருவரை நெருக்க அனுப்புவது, எல்1 ஆள் மாற்றுவது, டிரையாங்கிள் கோல்கீப்பரை வெளியே ஓடவிடுவது. எக்ஸ்பாக்ஸ் கண்ட்ரோலரில் ரவுண்டு இருக்கும் இடத்தில் பி, ஸ்கொயர் இடத்தில் எக்ஸ், டிரையாங்கிள் இடத்தில் ஒய்.

பெஸ் (கொனாமியின் ப்ரோ எவல்யூஷன் சாக்கர்) ஆடிப் பழகியவர்களுக்கு இங்கே ஒரு குழி இருக்கிறது. பெஸ்ஸில் ரவுண்டுதான் ஸ்லைடு, ஸ்கொயர் கூட்டாளியை நெருக்க அனுப்பும். அந்தப் பழக்கத்தில் எஃப்சியில் ஸ்கொயரை அழுத்திப் பிடித்தால், உதவிக்கு ஆள் வருவதற்குப் பதிலாக உங்கள் சென்டர் பேக் (நடுத் தற்காப்புக்காரர்) பெனால்டி பாக்ஸுக்குள் படுத்துவிடுவார். விசில் கேட்ட பிறகுதான் விஷயம் புரியும். எஃப்சியின் கண்ட்ரோல் செட்டிங்கில் 'ஆல்டர்நேட்' என்று ஓர் அமைப்பு இருக்கிறது. அதில் ஷாட்டும் நின்றபடி டேக்கிளும் ஸ்கொயருக்கு வரும், கிராஸும் (ஓரத்திலிருந்து கோல் முன்னால் பந்தைத் தூக்கிவிடுவது) ஸ்லைடும் ரவுண்டுக்குப் போகும். பெஸ்ஸிலிருந்து வருபவர்கள் இதை வைத்துக்கொள்வது நல்லது. கடையில் ஆடுபவர்கள் ஒவ்வொரு முறையும் பார்த்துவிட்டுத் தொடங்குங்கள், முன்னால் ஆடியவர் எதை மாற்றி வைத்துவிட்டுப் போனாரோ தெரியாது.

இன்னொரு குழி இதைவிட ஆழம். தாக்குதலில் இருக்கும்போது ஸ்கொயர் கிராஸ், ரவுண்டு ஷாட். கிராஸ் போட ஸ்கொயரை அழுத்துகிற அதே நொடியில் பந்து உங்கள் காலைவிட்டுப் போனால், அந்த அழுத்தம் ஸ்லைடு டேக்கிளாக மாறிவிடும். எதிராளியின் பாக்ஸ் ஓரத்தில் உங்கள் விங்கர் காரணமே இல்லாமல் சறுக்கி மஞ்சள் வாங்குவது இப்படித்தான். தற்காப்புக்காரர் மிக நெருங்கிவிட்டார் என்றால் கிராஸை விட்டுவிட்டு எக்ஸில் பின்னால் பாஸ் போடுங்கள். பந்து போனாலும் எக்ஸ் வெறுமனே ஒட்டி நிற்கும், கார்டு வராது.

டேக்கிளை எப்போது அழுத்துவது

எப்போது அழுத்தாமல் இருப்பது என்று தெரிந்துகொள்வது இதைவிட முக்கியம். ஆன்லைன் ஆட்டங்களில் தற்காப்பு முழுக்க உங்கள் கையில். நீங்கள் சும்மா நின்றால் கேம் தானாகப் பந்தைப் பறித்துத் தராது. அந்தப் பயத்தில்தான் எல்லோரும் ரவுண்டைக் குத்துகுத்தென்று குத்துகிறார்கள். முதல் அழுத்தத்துக்கு ஆட்டக்காரர் கால் நீட்டுவார், பந்து தப்பிவிடும். அவர் கால் மடங்குவதற்குள் இரண்டாவது அழுத்தம் வேலையைக் காட்டும். அப்போது எதிரில் பந்து இருக்காது, எதிராளியின் கணுக்கால்தான் இருக்கும்.

செய்ய வேண்டியது இது. எதிராளி உங்களை நோக்கி வரும்போது ஆர்2 ஸ்பிரிண்டை முதலில் விடுங்கள். எல்2வைப் பிடித்து, அவருக்கும் உங்கள் கோலுக்கும் நடுவே இரண்டு எட்டு தூரத்தில் முகம் பார்த்தபடி பின்வாங்குங்கள். பக்கவாட்டில் விரைவாக நகர வேண்டியிருந்தால் எல்2வோடு ஆர்2வையும் சேர்த்துப் பிடிக்கலாம், ஆனால் திரும்பும் வேகம் குறையும். பந்து அவர் காலோடு ஒட்டியிருக்கும்வரை ரவுண்டைத் தொடாதீர்கள். அவர் பந்தைச் சற்று முன்னால் தட்டிவிடும் கணம் ஒன்று வரும். ஸ்பிரிண்டில் ஓடுபவருக்கு அந்த இடைவெளி பெரிதாகத் தெரியும். அப்போது ஒரே ஒரு முறை அழுத்துங்கள். தவறினால் உடனே எல்2வுக்குத் திரும்புங்கள், மறுபடி அழுத்த வேண்டாம்.

கோணமும் முக்கியம். நேர் முன்னாலோ, முன்பக்கச் சாய்விலோ நின்றால் உங்கள் கால் பந்தை முதலில் எட்டும். பக்கவாட்டில் இணையாக ஓடும்போது பாதிக்குப் பாதி. பின்னால் இருந்தால் பந்துக்கும் உங்களுக்கும் நடுவே ஓர் ஆள் இருக்கிறார், பிறகு எப்படி பந்து முதலில் படும்? பின்னால் துரத்தும்போது ரவுண்டை அழுத்திப் பிடித்தால் சட்டையைப் பிடித்து இழுப்பார். எதிராளியின் வேகத்தைக் கொஞ்சம் குறைக்க அது உதவும், நீண்ட நேரம் பிடித்தால் விசில் வரும். மற்ற நேரத்தில் ரவுண்டைத் தட்டாமல் நீட்டி அழுத்தினால் பலமான டேக்கிள். பந்து தனியாகக் கிடக்கும்போது அது நல்லது, ஆளின் காலடியில் இருக்கும்போது ஆபத்து.

யார் அழுத்துகிறார் என்பதும் கணக்கில் வரும். ஸ்டாண்டிங் டேக்கிள், ஸ்லைடிங் டேக்கிள் மதிப்பெண் 80க்கு மேல் உள்ள சென்டர் பேக் சுத்தமாக எடுக்கும் பந்தை, 35 உள்ள ஸ்டிரைக்கர் ஆளோடு சேர்த்து எடுப்பார். அதனால் முன்வரிசை ஆட்களைக் கொண்டு ஸ்லைடு போடவே வேண்டாம். எல்1இல் ஆள் மாற்றிய உடனே ரவுண்டை அழுத்துவதும் கெட்ட பழக்கம். யார் கைக்கு வந்திருக்கிறார் என்று கண் பார்ப்பதற்குள் அவர் கால் நீட்டிவிடுவார். மாற்றுங்கள், ஸ்டிக்கை நகர்த்துங்கள், பிறகு அழுத்துங்கள்.

ஸ்லைடுக்கு நியாயமான இடங்கள் இரண்டுதான். டச்லைன் ஓரத்தில் பந்தை வெளியே தள்ளுவது, கோலை நோக்கிப் போகும் ஷாட்டின் குறுக்கே விழுவது. பாக்ஸுக்குள் ஸ்கொயர் பட்டனே இல்லை என்று நினைத்துக்கொண்டு ஆடினாலே மாதத்துக்குப் பல பெனால்டிகள் மிச்சம்.

இத்தனையும் சரியாகச் செய்தும் டேக்கிள் தாமதமாகவே விழுகிறது என்றால் கோளாறு வேறு இடத்தில் இருக்கலாம். டிவியில் கேம் மோடு அணைந்திருந்தால் நீங்கள் பார்க்கும் படமே ஒரு கணம் பழையது. ரிமோட்டை எடுத்து அதை ஆன் செய்யுங்கள். ஆன்லைனில் வைஃபையை விட்டு லேன் கேபிள் போடுங்கள். ஈரோடு, திருப்பூர் பக்கம் வீட்டு ஃபைபர் இணைப்பில்கூட, ரூட்டர் ஹாலிலும் பிளேஸ்டேஷன் மாடியிலும் இருந்தால் தாமதம் கூடும்.

மஞ்சள், சிவப்பு

இரண்டு மஞ்சள் சேர்ந்தால் சிவப்பு என்பது எல்லோருக்கும் தெரியும். பலருக்குத் தெரியாதது, லேசான மோதலுக்கும் சிவப்பு வரலாம் என்பது. எதிராளி கோலை நோக்கிப் போகிறார், பந்து அவர் கட்டுப்பாட்டில், உங்கள் ஆள்தான் கடைசி, அங்கே ஃபவுல் என்றால் உறுதியான கோல் வாய்ப்பைக் கெடுத்த குற்றம். கோலுக்கு எவ்வளவு தூரம், எந்தத் திசையில் போகிறார், பந்து அவருக்குக் கிடைக்குமா, மற்ற தற்காப்புக்காரர்கள் எங்கே என்ற நான்கையும் மைதான ரெஃப்ரி பார்ப்பார். 2016இல் விதியில் ஒரு தளர்வு வந்தது. பாக்ஸுக்குள், பந்தை எடுக்க உண்மையாக முயன்று ஃபவுல் ஆனால் பெனால்டியோடு மஞ்சள் மட்டும். இழுப்பது, தள்ளுவது என்றால் அங்கும் சிவப்புதான்.

ஃபவுல் நடந்தும் விசில் வரவில்லை என்றால் தப்பித்தோம் என்று நினைக்க வேண்டாம். ரெஃப்ரி அட்வான்டேஜ் கொடுத்து ஆட்டத்தை ஓடவிடுவார், பந்து வெளியே போனதும் திரும்பி வந்து கார்டு காட்டுவார். அதற்குள் அதே ஆளைக் கொண்டு இன்னொரு டேக்கிள் போட்டுவிடாதீர்கள்.

மஞ்சள் வாங்கியவர் டிஃபென்ஸிவ் மிட்ஃபீல்டரோ சைடு பேக்கோ என்றால் இடைவேளையில் மாற்றுங்கள். வேகமான விங்கரை எதிர்கொள்ளும் சைடு பேக்கை விட்டுவைப்பது வீண் துணிச்சல். ஸ்டிரைக்கர் வாங்கிய மஞ்சளைப் பற்றிக் கவலைப்படத் தேவையில்லை. ஓர் அணியை சீசன் முழுக்க நடத்தும் கேரியர் மோடில் சிவப்பு வாங்கினால் தடை அடுத்த ஆட்டத்துக்கும் தொடரும்.

சிவப்பு விழுந்துவிட்டால் முதல் வேலை, ஆட்டத்தை நிறுத்திவைக்கும் பட்டனை அழுத்துவது. டீம் மேனேஜ்மெண்டுக்குப் போய் எந்த இடம் காலி என்று பாருங்கள். சென்டர் பேக் போயிருந்தால் ஒரு ஸ்டிரைக்கரை எடுத்துவிட்டு இன்னொரு சென்டர் பேக்கை இறக்கி 4-4-1 (பின்னால் நால்வர், நடுவில் நால்வர், முன்னால் ஒருவர்) ஆக்குங்கள். அப்படியே விட்டுவிட்டுக் கோபத்தில் ஆடுபவர்கள்தான் அடுத்த ஐந்து நிமிடத்தில் இரண்டு கோல் வாங்குகிறார்கள். கோல்கீப்பர் வெளியேற்றப்படுவது டிரையாங்கிளை அழுத்திப் பிடிப்பதால். ஒற்றைக்கு ஒற்றை வரும்போது கீப்பரை முழுக்க ஓடவிடாமல், தட்டித் தட்டி இரண்டு எட்டு மட்டும் வெளியே கொண்டுவாருங்கள்.

நண்பர்களோடு ஆடும்போது செட்டிங்கில் கார்டை அணைத்துவிடலாம். செய்யாதீர்கள். பத்து நிமிடத்தில் ஆட்டம் கபடியாகிவிடும். ஹேண்ட்பாலுக்கு மட்டும் 'பெனால்டி தவிர' என்று ஒரு தேர்வு இருக்கிறது. அரை மீட்டர் தூரத்திலிருந்து பந்து கையில் பட்டுப் பெனால்டி போவது யாருக்கும் பிடிப்பதில்லை. அதை வைத்துக்கொண்டால் சண்டை குறையும்.

பெனால்டி

புள்ளி 11 மீட்டரில், கோல் 7.32 மீட்டர் அகலம், 2.44 மீட்டர் உயரம். கணக்குப்படி அடிப்பவருக்கே சாதகம். 2019 மார்ச்சில் கோவை நேரு ஸ்டேடியத்தில் சென்னை சிட்டி கிளப் இந்தியாவின் ஐ-லீக் கால்பந்துப் பட்டத்தை வென்ற ஆட்டத்தில், மினர்வா பஞ்சாபிடம் 0-1 என்று பின்தங்கியிருந்த அணியைச் சமநிலைக்குக் கொண்டுவந்தது பெத்ரோ மான்சி அடித்த பெனால்டி. ஆட்டம் 3-1 என்று முடிந்தது.

ஃபிஃபா 23 முதல் பந்தைச் சுற்றி ஒரு வளையம் விரிந்து சுருங்கும். அது மிகச் சிறிதாகும் கணத்தில் ரவுண்டை அழுத்தினால் பந்து குறி தவறாது, பெரிதாக இருக்கும்போது அழுத்தினால் விலகும். பெனால்டி மதிப்பெண்ணும் நிதானமும் குறைந்தவருக்கு வளையம் படபடவென்று துடிக்கும். அதனால் டீம் மேனேஜ்மெண்டில் பெனால்டி அடிப்பவர் யார் என்று ஆட்டத்துக்கு முன்பே பார்த்து வையுங்கள். இடது ஸ்டிக் குறி பார்க்க. அதை முட்டுமட்டும் தள்ளிக்கொண்டே இருந்தால் பந்து கம்பத்துக்கு வெளியே போகும். பவர் பாதியளவு போதும், அதற்கு மேல் போனால் மேல்கம்பி. ஆர்1 சேர்த்தால் வேகம் குறைந்து குறி கூடும். எல்1 சேர்த்தால் நடுவில் மெதுவாகத் தூக்கிவிடும் சிப். கீப்பர் பாய்ந்தால் அழகு, நின்றால் அவமானம்.

வாடகைக் கண்ட்ரோலரில் ஒரு சங்கடம் உண்டு. பலர் கைபட்ட ஸ்டிக் தானாக ஒரு பக்கம் இழுக்கும். அணி தேர்வுத் திரையில் கையை எடுத்துவிட்டுப் பாருங்கள். எதுவும் தானாக நகர்ந்தால் உடனே வேறு கண்ட்ரோலர் கேளுங்கள். பெனால்டியில் அந்தச் சிறு இழுப்புப் பந்தைக் கம்பத்தில் அடிக்கும்.

கீப்பராக இருக்கும்போது பாய்வது வலது ஸ்டிக்கில், கோட்டில் நகர்வது இடது ஸ்டிக்கில். ஒரு பக்கம் சற்று நகர்ந்து நின்றால் பெரும்பாலோர் காலியான பக்கத்தில் அடிப்பார்கள், நீங்கள் அங்கே பாயலாம். அடிப்பவரின் ஓட்டம் முடியும்வரை வலது ஸ்டிக்கைத் தொடாதீர்கள். முன்கூட்டிப் பாய்பவரைப் பார்த்து எதிராளி திசையை மாற்றிவிடுவார். எப்போதும் சிப் அடிக்கிற ஆள் என்று தெரிந்தால் சும்மா நில்லுங்கள். ஆட்டத்தின் நடுவே வரும் பெனால்டியில் கீப்பர் தட்டிவிட்ட பந்தை மறுபடி அடிக்கலாம், ஷூட்-அவுட்டில் முடியாது. ஷூட்-அவுட்டில் ஐந்து ஐந்து, அதன்பின் ஒன்றுக்கு ஒன்று. நல்ல ஆட்களை ஐந்தாவது உதைக்கு ஒதுக்கிவைக்காமல் முதல் மூன்றில் போடுங்கள், சில நேரம் ஐந்தாவது உதைக்கு வாய்ப்பே வராது.

ஒரே சோபாவில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து ஆடும்போது எதிராளி திரையைப் பார்க்க மாட்டார், உங்கள் கட்டைவிரலைத்தான் பார்ப்பார். மடியில் ஒரு துண்டைப் போட்டு அதற்கடியில் கண்ட்ரோலரை வைத்துக்கொள்ளுங்கள். "இதெல்லாம் நல்லாவாங்ணா இருக்குது?" என்று கேட்டால் அவருக்கும் ஒரு துண்டு கொடுங்கள்.