வேலூர் வெயிலும் கார் கண்ணாடியும்: கூலிங் ஷீட் ஒட்டுவதற்கு முன்னால் படிக்க வேண்டியது

கத்திரி வெயில் தொடங்கிவிட்டால் வேலூரில் கார் வைத்திருக்கும் எல்லோருக்கும் ஒரே யோசனைதான். கண்ணாடியில் கூலிங் ஷீட் ஒட்டிவிடலாமா? சுற்றிலும் பாறை மலை, நடுவில் தண்ணீர் ஓடாத பாலாறு. மே மாதத்தில் 40 டிகிரியைத் தாண்டுவது நமக்குப் புதிதல்ல. சி.எம்.சி. பக்கம் வெட்டவெளியில் ஒரு மணி நேரம் நிறுத்திவிட்டு வந்து ஸ்டியரிங்கைத் தொட்டுப் பார்த்தவர்களுக்கு அந்தச் சூடு நன்றாகத் தெரியும்.

நான் செகண்ட் ஹேண்டில் கார் வாங்கியபோது நான்கு கதவிலும் பின் கண்ணாடியிலும் கருப்பு ஷீட் இருந்தது. முன் கண்ணாடியிலும் ஏதோ லேசான ஷீட். ‘நல்லதுதான், செலவு மிச்சம்’ என்று நினைத்துக்கொண்டேன். மூன்றாவது வாரம் கிரீன் சர்க்கிள் பக்கம் போலீஸார் நிறுத்தினார்கள்.

"தம்பி, உள்ளே யார் இருக்காங்கன்னே தெரியலையே, கண்ணாடியை இறக்குங்க."

"வாங்கும்போதே ஒட்டியிருந்தது சார்."

"வண்டி இப்போ யார் பேர்ல இருக்கு?"

அதற்குமேல் பேச ஒன்றுமில்லை. ஷீட்டை யார் ஒட்டினார்கள் என்பது கணக்கில் வராது, வண்டி யார் கையில் இருக்கிறதோ அவர்தான் பதில் சொல்ல வேண்டும். புதிதாகக் கார் வாங்குகிறவர்கள் அதே இடத்தில் நிற்கக் கூடாது என்றுதான் இதைப் படிப்படியாக எழுதுகிறேன்.

படி 1: கண்ணாடியில் ஏற்கெனவே என்ன இருக்கிறது?

முதலில் கதவுக் கண்ணாடியைப் பாதி இறக்குங்கள். மேல் விளிம்பில் உள்பக்கமாக விரல் நகத்தை மெதுவாக ஓட்டுங்கள். ஷீட் ஒட்டியிருந்தால் விளிம்புக்கு ஒன்றிரண்டு மில்லிமீட்டர் கீழே நகம் ஒரு சின்ன படியில் தடுக்கும். ஒட்டாத கண்ணாடி வழுவழுவென்று இருக்கும். பழைய ஷீட் என்றால் நகம்கூடத் தேவையில்லை. கத்திரிப்பூ நிறத்தில் வெளுத்திருக்கும், ஓரங்களில் குமிழ் கட்டியிருக்கும்.

அடுத்து, ஒவ்வொரு கண்ணாடியின் கீழ் மூலையிலும் பொடி எழுத்தில் ஒரு முத்திரை இருக்கும். தயாரித்த கம்பெனியின் பெயர், ஐ.எஸ்.ஐ. குறி, ஐ.எஸ். 2553 என்ற தர எண், அது லேமினேட்டட் கண்ணாடியா டஃபன்ட் கண்ணாடியா என்ற விவரம் எல்லாம் அதில் வரும். முன் கண்ணாடி லேமினேட்டட். இரண்டு கண்ணாடித் தகடுகளுக்கு நடுவே ஒரு பிளாஸ்டிக் படலம் வைத்து அழுத்தியது. கல் பட்டால் விரிசல் விடும், ஆனால் முகத்தில் கொட்டாது. கதவுக் கண்ணாடி பெரும்பாலும் டஃபன்ட். உடைந்தால் கல்கண்டு மாதிரி பொடிப்பொடியாக உதிரும், ஆளை வெட்டாது. விபத்தில் கதவு திறக்காமல் உள்ளே மாட்டிக்கொண்டவரை வெளியே இழுப்பதற்கும் அப்படி உதிர்வதுதான் வசதி. மேலே ஷீட் ஒட்டியிருந்தால் உடைந்த பிறகும் தூள் எல்லாம் அதிலேயே ஒட்டிக்கொண்டு நிற்கும்.

படி 2: 70, 50 என்ற இரண்டு எண்களை மனப்பாடம் செய்யுங்கள்

1989ஆம் ஆண்டின் மத்திய மோட்டார் வாகன விதிகளில் 100ஆவது விதி கார் கண்ணாடியைப் பற்றியது. முன் கண்ணாடியும் பின் கண்ணாடியும் வெளிச்சத்தில் குறைந்தது 70 சதவீதத்தை உள்ளே விட வேண்டும். பக்கத்துக் கண்ணாடிகள் குறைந்தது 50 சதவீதத்தை விட வேண்டும். இந்த அளவைத்தான் வி.எல்.டி. என்பார்கள். எண் பெரிதாக இருந்தால் கண்ணாடி தெளிவு, சிறிதாக இருந்தால் இருட்டு. நிறையப் பேர் இதைத் தலைகீழாகப் புரிந்துகொண்டு, "70 பர்சென்ட் கருப்பு போடலாமாம்" என்கிறார்கள். 70 சதவீதம் என்பது உள்ளே வர வேண்டிய வெளிச்சம், ஐயா. கருப்பின் அளவு அல்ல.

படி 3: கடைக்குப் போகும் முன் ஒரு பெருக்கல் கணக்கு

இந்தக் கட்டுரையில் எல்லாவற்றையும் மறந்தாலும் இதை மட்டும் மறக்காதீர்கள். கார் டெக்கர்ஸ் கடையில் சொல்வார்கள்: "அண்ணே, இது எழுபது பர்சென்ட் ஷீட்டுண்ணே, சட்டப்படி ஓகே." கேட்பவருக்கும் சரி என்றுதான் தோன்றும். ஆனால் அந்த 70 ஷீட்டுக்கு மட்டும் உள்ள எண். விதி கேட்பது கண்ணாடியும் அதன்மேல் இருப்பதும் சேர்ந்து எவ்வளவு வெளிச்சம் விடுகிறது என்பதை.

கம்பெனியிலிருந்து வரும் கண்ணாடியே முழு வெளிச்சத்தையும் விடுவதில்லை. பக்கவாட்டில் இருந்து பார்த்தால் ஒரு இளம் பச்சைச் சாயல் தெரியும். உங்கள் முன் கண்ணாடி 78 சதவீதம் விடுகிறது என்று வைத்துக்கொள்வோம். அதன்மேல் 70 சதவீத ஷீட்டை ஒட்டினால் 78இல் 70 சதவீதம், அதாவது சுமார் 55 மட்டுமே உள்ளே வரும். விதி கேட்பது 70. ஒட்டிய நிமிடமே வண்டி விதிக்கு வெளியே போய்விட்டது. 90 சதவீதம் விடும், கண்ணுக்கே தெரியாத ஷீட்டை ஒட்டினால்கூட 70.2தான். கொஞ்சம் அழுக்கு படிந்தால் அதுவும் போயிற்று.

கதவுக் கண்ணாடிக்கும் இதே கணக்குதான். 78இன் மேல் 50 சதவீத ஷீட் ஒட்டினால் 39. தேவை 50. "பக்கத்துக்கு 50 அனுமதி உண்டுண்ணே" என்று 50 எண் போட்ட ஷீட்டை நீட்டினால் இந்தப் பெருக்கலைக் கடைக்காரரிடமே போட்டுக் காட்டுங்கள்.

ஆக, முன் கண்ணாடிக்கு உள்ள இடத்தைக் கம்பெனியே பெரும்பாலும் எடுத்துக்கொண்டுவிட்டது. அதில் நாம் ஒட்டுவதற்கு மிச்சம் எதுவும் இல்லை.

படி 4: ஷீட் ஒட்டவே கூடாதா? சட்டம் வந்த வழி

2012 ஏப்ரல் 27 அன்று அவிஷேக் கோயங்கா வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு தீர்ப்புச் சொன்னது. கருப்பு ஷீட்டோ வேறு எந்தப் பொருளோ, எத்தனை சதவீதமானாலும், கார் கண்ணாடியில் ஒட்டக் கூடாது என்பதுதான் அதன் சாரம். அந்த ஆண்டு மே 4இலிருந்து நாடு முழுவதும் அமலுக்கு வந்தது. நிறம் கலந்த கண்ணாடியைக் கம்பெனியே 70, 50 அளவுக்குள் செய்து கொடுத்தால் தவறில்லை, வாங்கிய பிறகு நாம் ஒட்டுவதுதான் தவறு என்று பிரித்துச் சொன்னார்கள். விலக்கு இசட், இசட் பிளஸ் பாதுகாப்பில் இருப்பவர்களுக்கு மட்டும். ஷீட் கம்பெனிகள் மறுபடி நீதிமன்றத்துக்குப் போனபோது, அதே ஆகஸ்டில் அந்தக் கோரிக்கை தள்ளுபடி ஆனது. அபராதம் போடுவதோடு நிறுத்தாமல் ஷீட்டை உரிக்கவும் வேண்டும் என்று போலீஸுக்குச் சொன்னதும் அப்போதுதான்.

பிறகு 2020இல் 100ஆவது விதியைத் திருத்தினார்கள். பாதுகாப்புக் கண்ணாடி என்று இருந்த இடத்தில் ‘சேஃப்டி கிளேஸிங்’ என்ற சொல்லும் சேர்ந்தது, 2021 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. உள்பக்கம் பிளாஸ்டிக் படலம் பதித்த கண்ணாடியும் அதில் அடங்கும். இதை வைத்து 2024 செப்டம்பரில் கேரள உயர் நீதிமன்றம், 70, 50 அளவுக்கு உட்பட்ட ஷீட்டுக்காக அபராதம் போடக் கூடாது என்று தீர்ப்பளித்தது. வாட்ஸப்பில் "கூலிங் ஷீட் இனி ஒட்டலாம்" என்று சுற்றியது இந்தத் தீர்ப்புதான்.

அந்தச் செய்தியை நம்பி கடைக்கு ஓடாதீர்கள். அந்தத் தீர்ப்பிலும் 70, 50 அப்படியேதான் இருக்கிறது, அதனால் படி 3இல் போட்ட பெருக்கல் மாறவில்லை. அது கேரள நீதிமன்றத்தின் தீர்ப்பு. வழக்கு என்று வந்தால் நம் வக்கீல் அதை எடுத்துக்காட்டலாம். கிரீன் சர்க்கிளில் வெயிலில் நிற்கும் ஒரு எஸ்.ஐ.யிடம் அதைச் சொல்லி வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட முடியாது. தமிழ்நாட்டு ரோட்டில் ஓடும் வண்டிக்கு என் யோசனை, எந்தக் கண்ணாடியிலும் எதையும் ஒட்டாதீர்கள் என்பதுதான்.

தோல் அலர்ஜி, கண் ஆபரேஷன் என்று டாக்டர் சீட்டு வைத்திருந்தால் விடுவார்களா என்று என் மாமா கேட்டார். விதியில் அப்படி ஒரு விலக்கு இல்லை.

சட்டத்தைத் தள்ளிவைத்துவிட்டும் ஒன்று சொல்ல வேண்டும். ஷீட்டை உரிப்பதற்கு முன் ஒரு நாள் இரவு காட்பாடியிலிருந்து பாலாற்றுப் பாலத்தில் வந்துகொண்டிருந்தேன். லேசான தூறல், எதிரே லாரி வெளிச்சம். இடது ஓரமாக ஒரு பெரியவர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போயிருக்கிறார். அவர் என் கண்ணில் பட்டபோது பத்தடிகூட இடைவெளி இல்லை. பிரேக் பிடித்தது, அவருக்கு ஒன்றும் ஆகவில்லை. வீட்டுக்கு வந்து வெகுநேரம் எனக்குக் கை நடுக்கம் நிற்கவில்லை. மறுநாளே உரிக்க முடிவு செய்தேன்.

படி 5: பழைய ஷீட்டை நீங்களே உரிப்பது

இதற்கு வேலூர் வெயில் நமக்கு உதவி. தேவை: ஷாம்பு கலந்த தண்ணீர் ஒரு ஸ்பிரே பாட்டிலில், குப்பைக்குப் போடும் பெரிய கருப்பு பாலிதீன் கவர், பழைய துண்டு, பிளாஸ்டிக் சுரண்டி. பழைய ஏ.டி.எம். கார்டும் போதும்.

பவர் விண்டோ சுவிட்சுகளின் மேல் துண்டைப் போட்டு மூடுங்கள். அதில் தண்ணீர் இறங்கினால் ஷீட் உரித்த மகிழ்ச்சி போய்விடும். கருப்பு கவரைக் கண்ணாடி அளவுக்கு இரண்டாக வெட்டிக்கொள்ளுங்கள். வெளிப்பக்கம் தண்ணீர் அடித்து ஒன்றை ஒட்டுங்கள். உள்பக்கம் ஷீட் மேல் நன்றாகத் தண்ணீர் அடித்து இன்னொன்று. வண்டியை அந்தப் பக்கம் வெயில் படும்படி நிறுத்தி ஒரு மணி நேரம் விட்டுவிடுங்கள். சூட்டில் பசை இளகிவிடும்.

பிறகு மேல் மூலையில் நகத்தால் கிளப்பி, கண்ணாடியோடு ஒட்டினாற்போல் மெதுவாகக் கீழே இழுங்கள். வெடுக்கென்று இழுத்தால் ஷீட் மட்டும் கிழிந்து பசை கண்ணாடியிலேயே தங்கிவிடும். இழுக்க இழுக்கப் பின்னால் ஸ்பிரே அடித்துக்கொண்டே வாருங்கள். மிச்சப் பசையை ஷாம்பு தண்ணீரில் ஊறவைத்து, கார்டால் வழித்தெடுங்கள்.

பின் கண்ணாடியில் மட்டும் அவசரமே படாதீர்கள். அதன் உள்பக்கம் படுக்கைவாட்டில் மெல்லிய கோடுகள் ஓடும். பனி விலக்கும் டிஃபாகர் கம்பிகள் அவை. ஷீட் அவற்றின் மேல்தான் ஒட்டியிருக்கும். நான் அந்த ஒரு கண்ணாடியை மட்டும் ஒரு கடையில் கொடுத்தேன். பையன் பிளேடு போட்டுச் சுரண்டியதில் நான்கு கோடுகள் அறுந்தன. மார்கழிக் காலையில் ஏலகிரி ஏறும்போது இன்றைக்கும் அந்த இடம் மட்டும் பனி படிந்தே கிடக்கிறது. பிளேடு வேண்டவே வேண்டாம். கோடு ஓடும் திசையிலேயே, பக்கவாட்டாக உரியுங்கள். வரவில்லை என்றால் இன்னொரு மணி நேரம் வெயிலில் விடுங்கள்.

படி 6: அப்படியானால் வெயிலுக்கு என்ன செய்வது?

வண்டி நிற்கும்போது எதை வேண்டுமானாலும் மறைக்கலாம், ஓடும்போது எதையும் மறைக்காதீர்கள். முன் கண்ணாடிக்கு உள்ளே விரிக்கும் வெள்ளி நிற மடிப்புத் திரை ஒன்று வாங்குங்கள். நிறுத்தியதும் விரிப்பது, கிளம்பும்போது மடித்துப் பின் சீட்டில் போடுவது. டேஷ்போர்டும் ஸ்டியரிங்கும் கொதிக்காமல் இருக்க இதைவிட மலிவான வழி இல்லை. கதவுகளுக்குக் காந்தத்தில் ஒட்டும் வலைத் திரையும் கிடைக்கிறது. குழந்தை தூங்குகிறது என்று அதை ஓட்டும்போதும் மாட்டியே வைத்திருப்பவர்கள் உண்டு. பக்கத்தில் வரும் பைக் தெரியாது, கழற்றிவிடுங்கள்.

ஏறியதும் ஏ.சி.யைத் தட்டாமல் நான்கு கண்ணாடியையும் இறக்கி ஒன்றிரண்டு நிமிடம் ஓட்டுங்கள். உள்ளே அடைந்த அனல் வெளியேறிய பிறகு கண்ணாடியை ஏற்றி ஏ.சி.யைப் போட்டு, உள்காற்றே சுற்றும் பொத்தானை அழுத்துங்கள். சீக்கிரம் குளிரும்.

கருப்பாக இருந்தால் குளிர்ச்சி என்பதும் முழு உண்மை இல்லை. சூட்டில் பெரும் பங்கு கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்புக் கதிரில் வருகிறது. மலிவான கருப்பு ஷீட் வெளிச்சத்தைத்தான் குறைக்கும், அந்தக் கதிரில் நிறையவே உள்ளே விட்டுவிடும். புது வண்டி வாங்குபவர்கள் அகச்சிவப்பையும் புற ஊதாவையும் தடுக்கும் கண்ணாடி கம்பெனியிலிருந்தே வருகிறதா என்று ஷோரூமில் கேளுங்கள். அது சட்டத்துக்கு உட்பட்டது, உரிந்தும் போகாது.

வாலாஜா, பள்ளிகொண்டா சுங்கச்சாவடி வழியாக அடிக்கடி போகிறவர்கள் கவனிக்க: உலோகம் கலந்த ஷீட் முன் கண்ணாடியில் இருந்தால் ஃபாஸ்டேக்கைக் கருவி படிப்பதில் தகராறு செய்யும்.

படி 7: போலீஸ் நிறுத்தினால்

வண்டியை ஓரமாக விட்டு, கண்ணாடிகளை இறக்குங்கள். உள்ளே யார் இருக்கிறார்கள் என்று பார்ப்பதுதான் அவர்கள் முதல் கவலை. ஷீட் இருந்தால் மோட்டார் வாகனச் சட்டம் 177ஆவது பிரிவில் முதல் தடவை 500 ரூபாய் வரை, மறுபடி மாட்டினால் 1,500 ரூபாய் வரை அபராதம். அங்கேயே உரிக்கச் சொன்னால், "நானே உரிச்சுடறேன் சார்" என்று கேட்டு, பின் கண்ணாடிக் கோடுகளைக் காப்பாற்றிக்கொள்ளுங்கள். கிறிஸ்டியான்பேட்டை தாண்டிச் சித்தூர் பக்கம் போனாலும் இதே மத்திய விதிதான், டி.என். 23 வண்டி என்று அங்கே யாரும் விட்டுவிட மாட்டார்கள்.

சலான் வந்தால் மத்திய அரசின் பரிவாகன் இணையதளத்தில் வண்டி எண்ணைப் போட்டுப் பார்த்து உடனே கட்டிவிடுங்கள். பிறகு வண்டியை விற்கப் போகும்போது, ஆர்.சி. பெயர் மாற்றும் நேரத்தில்தான் அந்தப் பாக்கி எழுந்து நிற்கும். நீங்கள் பழைய வண்டி வாங்குபவர் என்றால் அட்வான்ஸ் கொடுக்கும் முன்னே அதே தளத்தில் அந்த எண்ணைத் தட்டிப் பாருங்கள். முடிந்தால் அங்கேயே கதவுக் கண்ணாடியை இறக்கி நகத்தையும் ஓட்டிவிடுங்கள்.