ஆட்டக்காரர் பயிற்சியாளரான கதையைப் புள்ளிவிவரப் பட்டியலில் படிப்பது எப்படி?

ஐஸ் ஹாக்கி ஆடி ஓய்வுபெற்ற ஒருவர் பின்னாளில் அமெரிக்கக் கல்லூரி அணியொன்றின் பயிற்சியாளராகியிருந்தால், அவரைப் பற்றிய விவரக்குறிப்பில் பெரும்பாலும் இரண்டு பட்டியல்கள் இருக்கும்: ஒன்று அவர் ஆடிய ஆண்டுகளுக்கு, மற்றது அவர் பயிற்சி அளித்த ஆண்டுகளுக்கு. கிரிக்கெட் ஸ்கோர்கார்டில் ஊறிய கண்களுக்கு இவை எளிதில் பிடிபடுவதில்லை என்பதால், பலர் கடைசி வரியிலுள்ள கூட்டுத்தொகையை மட்டும் பார்த்துவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். விஸ்கான்சின் பல்கலைக்கழகப் பெண்கள் அணியின் பயிற்சியாளர் மார்க் ஜான்சனின் பட்டியல்களை எடுத்துக்கொண்டு, இவற்றைப் படிக்கும் முறையைப் பார்க்கலாம். இரண்டு பட்டியல்களுக்கும் நடுவே விடுபட்டிருக்கும் ஆண்டுகளைத் தேடுவதே இதில் முதன்மையான வேலை என்பது என் கருத்து. ஆனாலும் அங்கே போவதற்கு முன் எண்களைப் படித்துவிட வேண்டும்.

ஆட்டப் பட்டியலில் ஆடிய ஆட்டங்கள், கோல், அசிஸ்ட், புள்ளி ஆகிய நான்கையும் பாருங்கள். பக் எனப்படும் ரப்பர் வட்டைக் கடத்திக் கொடுத்து கோலுக்கு வழிசெய்தவருக்கு எழுதப்படுவது அசிஸ்ட். ஒரே கோலுக்கு இருவர் வரை அதைப் பெறலாம். கோலுக்கு ஒன்று, அசிஸ்டுக்கு ஒன்று என்று கூட்டினால் வருவதே புள்ளி. ஜான்சன் 1976 முதல் 1979 வரை விஸ்கான்சினுக்காக மூன்று பருவங்கள் ஆடி, 125 ஆட்டங்களில் 125 கோல்களும் 131 அசிஸ்ட்களும் சேர்த்து 256 புள்ளிகள் எடுத்தார். அதற்குப் பின் வட அமெரிக்காவின் முதன்மைத் தொழில்முறைப் போட்டியான தேசிய ஹாக்கி லீகில் 11 பருவங்களில் 669 ஆட்டங்கள், 203 கோல்கள், 305 அசிஸ்ட்கள், மொத்தம் 508 புள்ளிகள். இந்த இரண்டு வரிகளையும் நேருக்கு நேர் ஒப்பிட வேண்டாம். அவர் ஆடிய காலத்தில் கல்லூரிப் பருவம் ஏறத்தாழ 40 ஆட்டங்களிலும் லீக் பருவம் 80 ஆட்டங்களிலும் முடிந்தன. எதிரணியின் தரமும் வேறு. பார்க்க வேண்டியது கோலுக்கும் அசிஸ்டுக்கும் உள்ள விகிதம் மாறியிருக்கிறதா என்பதை. கல்லூரியில் ஏறத்தாழச் சமமாக இருந்த அந்த இரண்டு எண்களில், லீகுக்குப் போனபின் அசிஸ்ட் தெளிவாக முந்திவிடுகிறது. தானே அடிப்பதைவிடப் பிறர் அடிக்க இடம் பார்த்துக் கொடுப்பது அதிகமாகிவிட்ட ஆட்டக்காரர் என்று இதைக் கொள்ளலாம்.

அடுத்து அணிகளின் பெயர்களை எண்ணுங்கள். பிட்ஸ்பர்க், மினசோட்டா, ஹார்ட்ஃபோர்டு, செயின்ட் லூயிஸ், நியூஜெர்சி என ஜான்சன் ஐந்து அணிகளில் ஆடியிருக்கிறார். அடிக்கடி அணி மாறியது ஒரு குறையாகவே பேசப்படும். ஆனால் பயிற்சியாளராகப் போகிறவருக்கு அது பல ஆசிரியர்களிடம் படித்ததற்கு ஒப்பானது.

சர்வதேசப் போட்டிகள் தனி வரியில் ஒதுக்கப்பட்டிருக்கும், அவற்றைத் தாண்டிவிடாதீர்கள். ஜான்சனுக்கு அந்த வரி 1980ஆம் ஆண்டு லேக் பிளாசிட் குளிர்கால ஒலிம்பிக். சோவியத் அணிக்கு எதிரான ஆட்டத்தின் முதல் 20 நிமிடப் பகுதி முடியும் தறுவாயில் அமெரிக்கா 1–2 எனப் பின்தங்கியிருந்தது. டேவ் கிறிஸ்டியன் தொலைவிலிருந்து அடித்த பக், சோவியத் கோல்கீப்பர் திரெத்தியாக்கின் கால்காப்பில் பட்டுத் தெறித்தது. நேரம் முடிந்ததென்றே பலரும் நினைத்திருக்க, ஜான்சன் இரண்டு தடுப்பாட்டக்காரர்களுக்கு நடுவே புகுந்து, கடிகாரத்தில் ஒரு நொடி மீதமிருக்கையில் அதை வலைக்குள் தள்ளினார். சோவியத் பயிற்சியாளர் அடுத்த பகுதியில் திரெத்தியாக்கையே வெளியே உட்காரவைத்தார். மூன்றாம் பகுதியில் 3–3 எனச் சமன்செய்த கோலும் ஜான்சனுடையது. ஆட்டம் 4–3 என அமெரிக்காவுக்கு முடிந்தது. பட்டியலில் இது வெறும் இரண்டு கோல்.

இப்போது இடைவெளிக்கு வருவோம். லீக் பட்டியல் 1990இல் நின்றுவிடுகிறது. கல்லூரித் தலைமைப் பயிற்சியாளர் பட்டியல் 2002இல்தான் தொடங்குகிறது. இந்த 12 ஆண்டுகளைச் சிறுசிறு குறிப்புகளிலிருந்து நிரப்ப வேண்டியிருக்கும். முதலில் இத்தாலியிலும் ஆஸ்திரியாவிலும் ஆட்டம். 1995–96இல் மேடிசன் மான்ஸ்டர்ஸ் என்ற சிறிய தொழில்முறை அணியின் பயிற்சியாளர் பொறுப்பு. 1996 முதல் ஆறு ஆண்டுகள் விஸ்கான்சின் ஆண்கள் அணியில் துணைப் பயிற்சியாளர் வேலை. துணைப் பயிற்சியாளரின் பெயருக்கு எதிரே வெற்றி தோல்வி எழுதுவதில்லை என்பதால், கற்றுக்கொண்ட ஆண்டுகளுக்கு எண்ணே கிடையாது. அந்த அணியின் தலைமைப் பயிற்சியாளர் ஜெஃப் சாவர் 2002இல் ஓய்வுபெற்றபோது ஆண்கள் அணியின் தலைமைப் பொறுப்பு, 1977இல் ஜான்சனுடன் சேர்ந்து கோப்பை வென்ற மைக் ஈவ்ஸுக்குப் போயிற்று. அதே ஆண்டு ஜான்சன், தொடங்கி மூன்றே பருவங்கள் ஆகியிருந்த பெண்கள் அணியை ஏற்றார்.

பயிற்சியாளர் பட்டியலில் 36-4-1 என்பது போன்ற மூன்று எண்கள் இருக்கும்: வெற்றி, தோல்வி, சமன். கூடுதல் நேரத்தில் வென்றால் அது வெற்றிக் கணக்கு; அதற்கும் பின்னர், ஆட்டக்காரர்கள் ஒவ்வொருவராகக் கோல்கீப்பரை எதிர்கொண்டு அடிக்கும் ஷூட்அவுட்டில் முடிவு தெரிந்தால், தேசியக் கல்லூரி அமைப்பான என்.சி.ஏ.ஏ. அதைச் சமன் என்றே பதிவுசெய்கிறது. மேலே சொன்ன 36-4-1, அணி முதன்முறை தேசியக் கோப்பை வென்ற 2005–06 பருவத்துக்குரியது. அதன்பின் 2007, 2009, 2011, 2019, 2021, 2023, 2025 ஆகிய ஆண்டுகளிலும் கோப்பை கிடைத்தது. இந்த வரிசையில் 2009க்கும் 2011க்கும் நடுவே விரலை வையுங்கள். 2009–10இல் ஜான்சன் அமெரிக்கப் பெண்கள் ஒலிம்பிக் அணியுடன் வான்கூவருக்குச் சென்று வெள்ளி வென்றார். விஸ்கான்சினோ அந்தப் பருவத்தில் என்.சி.ஏ.ஏ. தேசியப் போட்டிக்கே தகுதிபெறவில்லை. ஒலிம்பிக் அணிக்குப் போன ஆட்டக்காரர்களின் இழப்பும் அதில் சேர்ந்திருக்கிறது என்பதால், எல்லாவற்றையும் பயிற்சியாளர் கணக்கில் எழுதிவிடக் கூடாது. ஆனாலும் ஒருவர் இல்லாதபோது என்ன நடந்தது என்பதை இவ்வளவு வெளிப்படையாகக் காட்டும் பட்டியல்கள் குறைவு.

குடும்பப் பின்னணியையும் ஒரு கண் பார்த்துவிடுவது நல்லது. மார்க்கின் தந்தை பாப் ஜான்சன் அதே விஸ்கான்சின் ஆண்கள் அணிக்கு 1973, 1977, 1981 ஆகிய ஆண்டுகளில் தேசியக் கோப்பை வென்று கொடுத்தவர். 1977 அணியில் மகன் முதலாண்டு மாணவர். ஆகவே அவருடைய முதல் கல்லூரிப் பருவம் தந்தையின் பயிற்சியில் கழிந்தது.

கடைசியாக, ஏதேனும் ஓர் இறுதி ஆட்டத்தின் விவரத்தை முழுமையாகப் படியுங்கள். 2025 இறுதி ஆட்டம் மினியாபொலிஸில், அதாவது ஜான்சன் பிறந்த ஊரில், ஒஹாயோ ஸ்டேட் அணியுடன் நடந்தது. 18.9 நொடிகளே இருக்கையில் விஸ்கான்சின் 2–3 எனப் பின்தங்கியிருந்தது. கோல் முகப்பில் எதிரணி ஆட்டக்காரர் பக்கைக் கையால் மூடியதை நடுவர்கள் காணொளியில் பார்த்துத் தண்டனை வாய்ப்பு (பெனால்டி ஷாட்) வழங்கினார்கள். விஸ்கான்சினின் கிர்ஸ்டன் சிம்ஸ் தனியாகச் சறுக்கிச் சென்று அதைக் கோலாக்கினார். கூடுதல் நேரத்தில் வெற்றி கோலையும் அவரே அடித்தார். பருவத்தின் கணக்கு 38-1-2 என்று முடிந்தது.