எனக்குப் புதுசு, அவருக்குப் பழசு

“வெப்சைட்டை மாத்தியாச்சுன்னு சொன்னீங்க, இங்க பழசுதானே வருது?” என்று வாடிக்கையாளர் போன் செய்தால், உடனே சர்வரில் கை வைக்காதீர்கள். முதலில் ஸ்டேட்டஸ் எண்ணைப் பாருங்கள், அதாவது ஒவ்வொரு கோப்பையும் கேட்டதற்கு என்ன பதில் என்று சொல்லும் மூன்று இலக்க எண்ணை.

குரோமில் எஃப்12 தட்டி, நெட்வொர்க் டேபைத் திறந்து, பக்கத்தை ரீலோட் செய்யுங்கள். அங்கே ‘டிசேபிள் கேஷ்’ என்று ஒரு பெட்டி இருக்கும். (கேஷ் என்பது, மறுபடி இறக்காமல் இருக்க பிரவுசர் தன்னிடம் சேமித்து வைக்கும் பிரதி.) அதில் டிக் இருந்தால் எடுத்துவிடுங்கள். நான் முட்டிக்கொண்ட பாதி நேரம் அந்த டிக்கால்தான். அது இருக்கிற வரை நமக்கு எல்லாமே சர்வரிலிருந்து புதிதாக வரும், அவருக்கு வராது.

இப்போது, பக்கத்தின் தோற்றத்தைத் தீர்மானிக்கும் சிஎஸ்எஸ் கோப்பின் வரிக்கு வாருங்கள். 200 (‘சரி’ என்று பொருள்) என்று இருந்து, சைஸ் கட்டத்தில் ‘டிஸ்க் கேஷ்’ அல்லது ‘மெமரி கேஷ்’ என்று வந்தால், பிரவுசர் சர்வரைக் கேட்கவே இல்லை, தன்னிடம் இருந்ததையே எடுத்துக்கொண்டது. 304 என்றால் கேட்டிருக்கிறது. “இந்த ஈடேக் (பதிப்பின் அடையாளம்) உள்ள பிரதி என்னிடம் இருக்கிறது, மாறிவிட்டதா?” “இல்லை, அதையே வைத்துக்கொள்.” கோப்பு வராது, பதிலின் தலைக்குறிப்பான ஹெடர் மட்டும் வரும். 304 வந்தும் பழசுதான் என்றால், பெரும்பாலும் புதிய கோப்பை வேறு ஃபோல்டரில் ஏற்றியிருப்பீர்கள். (நான் ஏற்றியிருக்கிறேன்.)

500, 503 எல்லாம் சர்வரின் பிழைகள், கேஷ் விவகாரமே இல்லை, சர்வரின் லாகை (பதிவேட்டை) திறந்து பாருங்கள்.

அப்புறம், சேமிக்கலாமா, எவ்வளவு காலம் என்று சர்வர் சொல்லும் கேஷ்-கன்ட்ரோல் ஹெடர். மேக்ஸ்-ஏஜ் 31536000 என்று இருந்தால் அத்தனை நொடி, அதாவது ஒரு வருடம். அதுவரை அதே பெயரில் என்ன மாற்றினாலும் பழைய பிரதி வைத்திருப்பவருக்குப் போய்ச் சேராது. கோப்பின் பெயரையே மாற்றுங்கள். அந்தப் பெயரைக் குறிப்பிடும் எச்டிஎம்எல் பக்கத்துக்கு மட்டும் நோ-கேஷ் போடுங்கள். பெயரைப் பார்த்து ஏமாற வேண்டாம்: நோ-கேஷ் என்றால் சேமித்துக்கொள், ஆனால் ஒவ்வொரு முறையும் கேட்டுவிட்டுக் காட்டு என்று பொருள். சேமிக்கவே கூடாது என்றால் நோ-ஸ்டோர். இந்த ஹெடரே இல்லாவிட்டால் எவ்வளவு காலம் வைத்துக்கொள்ளலாம் என்று பிரவுசரே ஊகிக்கும். கடைசியாக மாறியதிலிருந்து போன காலத்தில் பத்தில் ஒரு பங்கு என்பது வழக்கமான கணக்கு. 100 நாளாக மாறாத கோப்பு, இன்னும் 10 நாள் அப்படியே நிற்கலாம்.

வருபவரை வேறு முகவரிக்குத் திருப்பிவிடும் 301இல்தான் எனக்கு நல்ல அடி. ஒரு துணிக்கடைக்கு, தீபாவளிக்காக முகப்பிலிருந்து தள்ளுபடிப் பக்கத்துக்கு 301 போட்டேன். 301 என்றால் நிரந்தரம். பிரவுசர் அதையும் சேமித்துக்கொள்ளும். தீபாவளி முடிந்து அந்த 301 விதியை எடுத்தேன். கடைக்காரர் போனில் மட்டும் தள்ளுபடி ஓடிக்கொண்டே இருந்தது. “இன்னும் அம்பது பர்சென்ட்னு காட்டுதே தம்பி!” அவர் போனில் கேஷை அழிக்கலாம், அவருடைய வாடிக்கையாளர்கள் போனை எல்லாம் எங்கே போய்த் தேடுவது? கடைசியில் தள்ளுபடிப் பக்கத்தின் முகவரியிலேயே முகப்பை வைத்தேன். தற்காலிகம் என்றால் 302 போட்டிருக்க வேண்டும். அந்த முகவரியில் இன்றும் இரண்டாவது முகப்பு ஒன்று ஓடிக்கொண்டிருக்கிறது.