உங்க ஃபேன்டஸி உலகத்துல ஒரு மொழிய எப்படித் தேய வைக்கிறது

"ஆதிகாலத்துல தேவர்கள் பேசின மொழி தேஞ்சு போச்சு, அதான் மந்திரம் பலிக்க மாட்டேங்குது"ன்னு ஒரு வரி எழுதாத ஃபேன்டஸி ரைட்டர் ரொம்ப கம்மி. நானும் எழுதுனேன். படிச்ச ஃப்ரெண்டு ஒருத்தன் "தேஞ்சுதுன்னா எது தேஞ்சுது, ஒரு வார்த்தை காட்டு பாப்போம்"னான், எனக்கு பதில் வரல. அப்புறம் ரெண்டு மாசம் மண்டைய ஒடச்சு என் உலகத்துக்குன்னு ஒரு தேய்மானக் கொள்கை செஞ்சேன், அது எப்படின்னு சொல்றேன், வேணுங்கறத எடுத்துக்கங்க.

மொதல்ல ஒரே ஒரு சத்தத்தப் புடிங்க. கன்னடத்தப் பாருங்க, நம்ம பால் அங்க ஹாலு, புலி ஹுலி, பத்து ஹத்து. பழைய கன்னடத்துல இதெல்லாம் பகரத்துலதான் ஆரம்பிச்சுது, பின்னாடி ஹ ஆச்சு, இப்ப சில ஊர்ப்பக்கம் அந்த ஹ கூட கழண்டு ஆலுன்னே சொல்றாங்க. அதாவது மொதல்ல ஒதடு ரெண்டும் ஒட்டுச்சு, அப்புறம் வெறும் காத்து, அப்புறம் காத்தும் போச்சு. என் உலகத்துக்கு இதையே அப்படியே சுட்டுட்டேன். ஆதிமொழியில நெருப்புக்கு "பகேல்", 400 வருஷம் கழிச்சு "ஹகேல்", அதுக்கப்புறம் "அகேல்". ஒண்ணு மட்டும் கறாரா இருங்க, ஒரு வார்த்தையில மாறுன சத்தம் அதே மாதிரி எடத்துல வர்ற எல்லா வார்த்தையிலயும் மாறணும், உங்களுக்குப் புடிச்ச ஹீரோ பேருக்காக விதிவிலக்கு குடுத்தீங்கன்னா வாசகன் கண்டுபுடிச்சுருவான்.

இப்ப மோதல் வரும், சுவாரசியமே இங்கதான். என் மொழியில "அகேல்"னா ஏற்கெனவே அம்மா. இப்ப அம்மாவும் நெருப்பும் ஒரே வார்த்தை ஆயிருச்சு! நெருப்பக் கூப்புடுற மந்திரத்த ஒருத்தன் சுத்தமா சொல்றான், செத்துப்போன அவங்கம்மா வந்து நிக்கிறா. ஃப்ரெண்டு கேட்ட கேள்விக்கு பதில் இதான்டா. நம்ம பேச்சுலயும் இது நடந்துருக்கு, முக்காவாசி ஊர்ல ரகரத்துக்கும் றகரத்துக்கும் வித்தியாசம் இல்லாம போச்சு, கரியும் கறியும் காதுல ஒண்ணுதான், அதுக்காக யாரும் குழம்பி நிக்கல, அடுப்புக்கரின்னும் ஆட்டுக்கறின்னும் முன்னாடி ஒரு வார்த்தைய ஒட்டிக்கிட்டு பொழப்பப் பாக்குறாங்க. உங்க உலகத்து ஜனங்களும் அதத்தான் செய்வாங்க. என் ஊர்ல நெருப்பு "அடுப்பகேல்", அம்மா "பாலகேல்" மாதிரி ஏதோ ஒண்ணு ஆயிருச்சுன்னு வச்சுக்கங்க. மந்திரம் மட்டும் பழைய ஒத்தச் சொல்லுலயே நிக்குது.

தேய்ஞ்சுது மட்டும் காட்டுனா போதாது, தேஞ்சதுலேர்ந்து புதுசா மொளைச்சதையும் காட்டணும். பெரும்பாலான பேர் இங்கதான் கோட்ட விடுறாங்க. "வந்துகொண்டிருக்கிறேன்"ங்கறது "வந்துட்டிருக்கேன்" ஆனத பாத்து ஐயோ தமிழ் போச்சேன்னு ஒருத்தர் அழலாம், ஆனா அதுல கையில வாங்குற "கொள்" தேஞ்சு வேலை நடந்துக்கிட்டே இருக்குன்னு காட்டுற உறுப்பா மாறிருச்சு, அதே மாதிரி "விடு" தேஞ்சு "வந்துட்டான்"ல வேலை முடிஞ்சதக் காட்டுது. இலக்கணம் பழைய வார்த்தையோட பொணத்துலேர்ந்துதான் வருது. உங்க மொழியில ஒரு வினைச்சொல்ல இப்படித் தேச்சு ஒட்டாக்கிப் பாருங்க, உடனே மொழிக்கு வயசு வந்துரும்.

சத்தம் மட்டும்தான் காரணம்னும் இல்ல, பயமும் வார்த்தையக் கொல்லும். ராத்திரியில பாம்பப் பேர் சொல்ல மாட்டாங்க ஊர்ல. நம்ம இலக்கணத்துலயே, நேரா சொல்லாம வேற சொல்லால சொல்றத தகுதி வழக்குன்னு தனியா பிரிச்சு வச்சுருக்காங்க, செத்தாரை துஞ்சினார்ங்கறது மங்கலம், பொற்கொல்லர் பொன்ன பறின்னு சொல்றது குழூஉக்குறி. என் தீவுல யாராச்சும் செத்தா அவர் பேர் மாதிரி ஒலிக்கிற எந்தச் சொல்லையும் ஒரு வருஷம் யாரும் சொல்லக்கூடாது. ஒரு கொள்ளைநோய் வந்துச்சுன்னா யோசிங்க, பாதி அகராதி காலி.

எவ்வளவு வேகம்னு கேட்டீங்கன்னா, மோரிஸ் ஸ்வாதேஷ்னு ஒரு மொழியியலாளர் 1950கள்ல ஒரு கணக்கு போட்டாரு, கை, தண்ணி, நெருப்பு மாதிரி அடிப்படை வார்த்தை 100 எடுத்தா 1000 வருஷத்துல 86 தங்கும்னு. நெஜ மொழிகளுக்கு அது சரிப்பட்டு வரலன்னு பின்னால நெறைய பேர் கிழிச்சுட்டாங்க, ஐஸ்லாந்து மொழியெல்லாம் அசையவே மாட்டேங்குது. ஆனா கதைக்கு இது போதும், பிரிஞ்சு 1000 வருஷம் ஆன ரெண்டு அக்கா தங்கச்சி மொழிக்கு நடுவுல 74 சொல் பொதுவா இருக்கும்னு வச்சு எழுதலாம்.

ஒரு விஷயம், தேயறதும் சாகறதும் வேற வேற. காகசஸ் மலைப்பக்கம் உபிக்னு ஒரு மொழி, அதுல 80-க்கு மேல மெய்யொலி இருந்துச்சு. 1864ல காகசஸ்லேர்ந்து அந்த ஜனங்கள ரஷ்யா வெரட்டிச்சு, துருக்கியில போய் குடியேறினாங்க, கொஞ்சம் கொஞ்சமா வீட்டுல துருக்கி மொழி பேச ஆரம்பிச்சாங்க, நல்லாப் பேசத் தெரிஞ்ச கடைசி ஆளு தெவ்ஃபிக் எசென்ச் 1992ல போயிட்டாரு. அது ஒண்ணும் மெலிஞ்சு சாகல, அத்தன ஒலியோடயும் இருக்கும்போதே பேச ஆளில்லாம போச்சு. உங்க வில்லன் ஒரு மொழிய அழிக்கணும்னா ஒலியில கை வைக்க வேண்டாம், புள்ளைங்கள வேற ஊருக்கு அனுப்பச் சொல்லுங்க.

இவ்வளவும் உங்களுக்குத் தெரிஞ்ச உண்மை. கொள்கைங்கறது உங்க உலகத்து ஆளு ஒருத்தரோடது, அது கொஞ்சம் தப்பா இருக்கணும், அந்தத் தப்புல யாருக்கோ லாபமும் இருக்கணும். 19-ம் நூற்றாண்டுல ஷ்லைஹர்னு ஜெர்மன்காரர் மொழிய உயிருள்ள ஜீவன் மாதிரி பாத்தாரு, வளந்து முடிச்சுட்டு இப்ப சிதையுதுன்னாரு, 1868ல, சமஸ்கிருதம், லத்தீன், ஜெர்மனுக்கெல்லாம் தாய்னு கணிச்ச மூலமொழியிலயே ஆடும் குதிரையும் பேசுற ஒரு குட்டிக் கதை கூட எழுதிட்டாரு, அப்புறம் வந்தவங்க ஒவ்வொருத்தரும் அத அவங்கவங்க கணக்குக்குத் திருத்தித் திருத்தி எழுதிட்டே இருக்காங்க. 13-ம் நூற்றாண்டு நன்னூல் பழசு கழியறதும் புதுசு புகுறதும் குத்தம் இல்ல, காலத்தோட வகைன்னு கூலா சொல்லிட்டுப் போயிருச்சு. ரெண்டு கட்சியையும் வைங்க, ரெண்டாவது ஆள் பேச்ச ஊர்ல யாரும் கேக்காத மாதிரி வைங்க.

என் உலகத்துல ஏடு காக்குற கூட்டம் ஒண்ணு இருக்கு. உப்பளத்து ஜனங்க வாயில பட்டுதான் மொழி தேஞ்சுதுன்னு சொல்லி, அவங்கள பேசவிடாம வரி வாங்குறாங்க. பழைய கல்வெட்டுல நெறைய சொல் பகரத்துல ஆரம்பிக்கறதப் பாத்துட்டு, உயிர்ல ஆரம்பிக்கிற எல்லாச் சொல்லுக்கும் முன்னாடி ஒரு பகரத்தப் போட்டு "திருத்த" ஆரம்பிக்கிறாங்க. நம்ம ஊர்ல ழகரம் தெரியும்னு காட்டுறதுக்கு "விழையாட்டு"ன்னு பேசுவாங்கல்ல, அதே வியாதி. அப்ப அம்மாவோட அகேலும் பகேல் ஆயிருது. திருத்துன மொழியில மொத மொத பாடம் படிச்ச ஒரு சின்னப் பொண்ணு, கோயில் திருவிழாக் கூட்டத்துல தொலஞ்சு போயி, பயத்துல அம்மான்னு கத்துறா.

என் நாவல்ல மொத அத்தியாயமே அந்தத் தீதான்.