நினைவுத் துணியில் பசை வேண்டாம்

போன மாதம் எங்கள் தையல் கூட்டத்துக்குப் புதிதாக நான்கு பேர் வந்தார்கள். நால்வருமே வீட்டில் ஒருவரைப் புற்றுநோய்க்குக் கொடுத்தவர்கள். இறந்தவரின் உடுப்பிலிருந்து துண்டுகள் எடுத்து, அவர் பெயரைத் தைத்து, எல்லாத் துணிகளையும் ஒரே போர்வையாகச் சேர்ப்பதுதான் எங்கள் வேலை. ஆரம்பத்தில் நான் செய்த தவறுகளையே அவர்களும் செய்யப் போவதைப் பார்த்ததும் இதை எழுத உட்கார்ந்துவிட்டேன். நூல் சிக்குவதும் தையல் கோணுவதும் பழகப் பழகச் சரியாகிவிடும். திருத்த முடியாதவற்றை மட்டும் சொல்கிறேன்.

அளவு

எய்ட்ஸில் இறந்தவர்களின் பெயர்களைத் தைத்துச் சேர்க்க சான் பிரான்சிஸ்கோவில் தொடங்கிய எய்ட்ஸ் நினைவுப் போர்வையின் அளவைத்தான் நாங்களும் வைத்திருக்கிறோம். ஒரு துணி 3 அடிக்கு 6 அடி, ஒரு சவக்குழியின் அளவு. எட்டைச் சேர்த்தால் 12 அடிச் சதுரம். ஓரம் மடித்துத் தைக்க நாலு பக்கமும் 2, 3 அங்குலம் கூட விட்டு வெட்டுங்கள்.

பசை

"அக்கா, க்ளூ கன் கொண்டாந்திருக்கேன். எழுத்தெல்லாம் ஒட்டிடலாமா?" என்று புதிதாக வந்த பெண் கேட்டதும் எனக்குச் சுருக்கென்றது. என் அண்ணனுக்குச் செய்த முதல் துணியில் நானும் ஒட்டத்தான் செய்தேன். கண்காட்சிக்கு நாலே நாள் இருக்கிறது, ஒட்டிவிடுங்கள் என்று ஏற்பாடு செய்தவர் அவசரப்படுத்தினார். அவனுடைய கட்டம் போட்ட சட்டையை வெட்டி, பெயரை எழுத்து எழுத்தாக ஒட்டினேன். அன்றைக்குப் பார்க்க நன்றாகத்தான் இருந்தது.

மறு வருடம் டிரங்குப் பெட்டியிலிருந்து எடுத்து விரித்தோம். பசை மஞ்சளாகித் துணிக்குள் இறங்கியிருந்தது. மடிப்பு விழுந்த இடமெல்லாம் வெடித்திருந்தது. 'ரா' கழன்று தரையில் விழுந்தது. அம்மா குனிந்து அதை எடுத்து உள்ளங்கையில் வைத்துக்கொண்டார். மீதி எழுத்துகளை உரித்தபோது சட்டைத் துணியே கிழிந்து வந்தது. அதே கட்டம் கடையில் கிடைக்கும். அவன் போட்டுப் போட்டு நைந்த அந்தத் துணி கிடைக்காது. அந்த நாலு நாள் அவசரத்தை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு ஆத்திரம் வருகிறது.

நினைவுத் துணி கண்ணாடிச் சட்டத்துக்குள் தொங்குவதில்லை. மடிக்கிறோம், தூக்கிப் போகிறோம், மறுபடி விரிக்கிறோம். எய்ட்ஸ் போர்வையில், 1987 அக்டோபர் 11 அன்று வாஷிங்டனின் நேஷனல் மால் திடலில் விரித்தவை 1,920 துணிகள். 1996இல் அந்தத் திடல் முழுவதையும் மூடும் அளவுக்குப் பெருகிவிட்டன. இன்றைக்குச் சுமார் 50,000. எடை 54 டன். இத்தனையையும் மடித்து விரித்தே ஆக வேண்டும் என்பதால்தான் பசையை நம்பாதீர்கள் என்று அங்கேயும் சொல்கிறார்கள்.

எழுத்தைச் சுற்றிக் கால் அங்குலம் விட்டு வெட்டுங்கள். ஓரத்தை உள்ளே மடித்து, நீளநீளமான ஓட்டுத்தையலில் நிறுத்திக்கொள்ளுங்கள். அப்புறம் விளிம்பை நெருக்கித் தையுங்கள். ஒரு எழுத்துக்கு ஒரு மணி நேரம் ஆகும். ஆகட்டும். ஆஸ்பத்திரி நாட்களைப் பற்றி ஒருவர் வாய் திறப்பது அந்த ஒரு மணி நேரத்தில்தான். ஒட்டி முடித்த அன்று நாங்கள் யாரும் எதுவும் பேசாமல் வீட்டுக்குப் போனோம்.

பனியன் துணி

இழுபடும். பின்னால் காடாத் துணி வைத்துத் தைத்த பிறகே வெட்டுங்கள்.

துவைப்பது

வீட்டாரைக் கேட்காமல் கூடாது.

பெயரை நாமே முடிவு செய்வது

1985இல் சான் பிரான்சிஸ்கோ ஊர்வலத்தில் கிளீவ் ஜோன்ஸ் என்ற உரிமைப் போராளி, எய்ட்ஸில் இறந்தவர்களின் பெயர்களை அட்டைகளில் எழுதச் சொன்னார். அவற்றை அரசுக் கட்டடத்தின் சுவரில் ஒட்டியபோது, ஒட்டுத்துணிப் போர்வை மாதிரி தெரிந்ததாம். எய்ட்ஸ் போர்வைக்கு வித்து அதுதான். அந்த நோயில் இறந்தவர்களின் உடலைத் தொடக்கூட மறுத்த ஈமச்சடங்கு நிலையங்கள் இருந்த காலம் அது.

இங்கேயும் நோய் வெளியே தெரியக் கூடாது என்று பெயரைப் போடத் தயங்குகிறவர்கள் உண்டு. "அப்பான்னு போட்டா போதும்" என்று நாம் முந்திக்கொள்ளக் கூடாது. பெயரைத் தைத்தே ஆக வேண்டும் என்று நெருக்கவும் கூடாது. ஒரு அம்மா கணவர் பெயருக்கான இடத்தை எட்டு மாதம் காலியாகவே வைத்திருந்தார். போன ஞாயிற்றுக்கிழமை என் பக்கம் ஊசியை நீட்டி, நூல் கோத்துத் தரச் சொன்னார்.